பாதி எடுத்த நிலம், பாதி கொடுத்த பட்டா

சென்னைப் புறநகரில் 1980-களிலும் 90-களிலும் மனை வாங்கி வீடு கட்டிய பல குடும்பங்களிடம் கிரயப் பத்திரம் இருக்கிறது, பட்டா இல்லை. வாங்கும்போது தாய்ப்பத்திரம் பார்த்திருக்கிறார்கள். முப்பது வருடத்துக்கு வில்லங்கம் போட்டுப் பார்த்திருக்கிறார்கள். வக்கீலிடம் கருத்துக் கேட்டு, முத்திரைத் தீர்வை கட்டி, சார்பதிவாளர் முன்னிலையில் கைரேகை வைத்துப் பதிந்திருக்கிறார்கள். அதன்பின் வீட்டுவரி, குடிநீர் வரி, மின் இணைப்பு எல்லாம் அவர்கள் பெயரிலேயே ஓடுகின்றன. பிள்ளையின் படிப்புக்காக வீட்டின் பேரில் கடன் வாங்கலாம் என்று வங்கிக்குப் போகும்போதுதான் பட்டா கேட்கிறார்கள். வட்டாட்சியர் அலுவலகத்தில் நகர நில அளவைப் பதிவேட்டைப் புரட்டினால் உரிமையாளர் கலத்தில் ‘அரசு’ என்றிருக்கிறது. பக்கத்தில், நகர்ப்புற நில உச்சவரம்புச் சட்டத்தின்படி எடுக்கப்பட்ட மிகை நிலம் என்று ஒரு குறிப்பு.

அம்பத்தூர், மாதவரம், வேளச்சேரி, தாம்பரம் பக்கம் ‘யூ.எல்.சி. நிலம்’ என்றால் விளக்கம் தேவைப்படாது. நிலத் தரகர் முதல் தேநீர்க் கடைக்காரர் வரை எல்லோருக்கும் தெரியும். அந்தச் சட்டத்தைத் தமிழ்நாடு ரத்து செய்து கால் நூற்றாண்டு கடந்துவிட்டது. சட்டம் போய்விட்டது, அது கிளப்பிய வழக்குகள் போகவில்லை. சென்னை உயர் நீதிமன்றத்தில் இன்றும் நில உச்சவரம்பு தொடர்பான ரிட் மனுக்கள் விசாரணைக்கு வருகின்றன. கிராமங்களிலோ 1961-ஆம் ஆண்டின் சட்டம் இன்னும் நடைமுறையில் இருக்கிறது. அங்கே சிக்கல் வேறு மாதிரி: பட்டா இருக்கிறது, நிலம் கையில் இல்லை.

இந்த இரண்டு சிக்கல்களுக்கும் வேர் ஒன்றுதான் என்பது என் கருத்து. எடுப்பதாகச் சொன்ன நிலத்தை அரசு எடுத்து முடிக்கவில்லை. கொடுப்பதாகச் சொன்ன நிலத்தைக் கொடுத்தும் முடிக்கவில்லை. காகிதத்தில் ஒரு உரிமையாளர், தரையில் இன்னொருவர் என்ற நிலையைப் பல பத்தாண்டுகள் அப்படியே விட்டுவைத்தது. அந்த இடைவெளிக்குள் வந்து மாட்டிக்கொண்டவர்கள் கடைசியாக வந்த சிறிய மனிதர்கள்.

நகரத்தில் நடந்தது

1978-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நகர்ப்புற நில (உச்சவரம்பு மற்றும் ஒழுங்குமுறை) சட்டம் சென்னை, மதுரை, கோவை, திருச்சி, சேலம் போன்ற பெருநகரத் தொகுதிகளில் ஒருவர் வைத்திருக்கக்கூடிய காலி நிலத்துக்கு வரம்பு கட்டியது. 1976-இல் மத்திய அரசு கொண்டுவந்த சட்டத்தைத் தமிழ்நாடு ஏற்கவில்லை. தனக்கென்று ஒன்றை இயற்றிக்கொண்டது. நகரம் வளர வளர நிலத்தின் விலை ஏறும். அந்த ஏற்றம் முழுவதும் சிலரின் கைக்குப் போகாமல், ஏழைகளுக்கு வீட்டுமனையாகவும் பொதுத் தேவைக்கான இடமாகவும் மாற வேண்டும் என்ற எண்ணம்தான் அதன் அடிப்படை. நல்ல எண்ணம் அது.

சட்டம் வகுத்த பாதை இப்படிப் போனது. வரம்புக்கு மேல் நிலம் வைத்திருப்பவர் கணக்குக் காட்ட வேண்டும். தகுதிவாய்ந்த அலுவலர் வரைவு அறிக்கை தயாரித்து ஆட்சேபணை கேட்பார். பிறகு 11-ஆம் பிரிவின் கீழ் அரசிதழில் அறிவிக்கை வரும்; 11(3)-இன்படி நிலம் அரசுக்குச் சேர்ந்துவிடும். ஆனால் அது உரிமை மட்டும்தான். நிலத்தைக் கையில் எடுக்க, 11(5)-இன்படி முப்பது நாள் அவகாசம் தந்து ஒப்படைக்கச் சொல்லி நோட்டீஸ் கொடுக்க வேண்டும். ஒப்படைக்க மறுத்தால் 11(6)-இன்படி வேண்டிய பலத்தைப் பயன்படுத்தி எடுத்துக்கொள்ளலாம்.

பெரும்பாலான கோப்புகள் அரசிதழ் அறிவிக்கையோடு களைத்துவிட்டன. அலுவலகத்தில் நிலம் அரசுடையது. களத்தில் பழைய உரிமையாளர் வேலி போட்டு உட்கார்ந்திருந்தார். அவரோ அவரிடம் பவர் வாங்கியவரோ நிலத்தை மனைகளாகப் பிரித்து, சுண்ணாம்புக் கோடு போட்டு, கல் நட்டு விற்றார்கள். அரசுக்குச் சேர்ந்துவிட்ட நிலம் என்பது வாங்கியவருக்குத் தெரிய வழியில்லை. வில்லங்கச் சான்றில் பதிவான பத்திரங்கள் மட்டுமே வரும். சட்டத்தின் வழியாக அரசுக்குப் போன நிலத்துக்குப் பத்திரம் கிடையாது. எனவே அது வில்லங்கத்தில் ஏறாது. வருவாய்த் துறையின் கோப்பு ஒரு கட்டடத்தில், பதிவுத் துறையின் புத்தகம் இன்னொரு கட்டடத்தில். இரண்டும் ஒரே அரசின் துறைகள். அந்த நிலத்தை விற்பது செல்லாது என்று ஒரு துறை சட்டப்படி சொல்லிக்கொண்டிருந்தபோது, இன்னொரு துறை அதே விற்பனைக்கு முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் வாங்கிக்கொண்டிருந்தது. இன்றைக்கு அதே அரசு அந்தக் குடும்பத்தைப் பார்த்து “உன் பத்திரம் செல்லாது” என்று சொல்வதை என்னால் ஏற்க முடியவில்லை.

கோப்புகளில் இருக்கும் ‘கையேற்பு’ச் சான்றுகளை ஒருமுறை கூர்ந்து பார்க்க வேண்டும். வழக்கமான வாசகம்: இன்ன தேதியில் நில அளவர் நிலத்தை அளந்து ஒப்படைத்தார், வருவாய் ஆய்வாளர் பெற்றுக்கொண்டார். கொடுத்தவரும் அரசு ஊழியர், வாங்கியவரும் அரசு ஊழியர். நிலத்தில் குடியிருந்தவர் யார், வீடு இருந்ததா, பயிர் இருந்ததா, பக்கத்து நிலத்துக்காரர் சாட்சி சொன்னாரா என்று எதுவும் இருக்காது. நோட்டீஸோ, வருவாய்ப் பதிவேட்டில் இருக்கும் பழைய பெயருக்குப் போயிருக்கும். அவர் நிலத்தை விற்றுவிட்டுப் போயிருப்பார், அல்லது இறந்தே போயிருப்பார். கதவில் ஒட்டியதாக ஒரு வரி எழுதியிருக்கும். காலி நிலம் கையேற்கப்பட்டது என்று சான்று சொல்லும் தேதிக்கு முன்பே அந்த இடத்தில் வீடு இருந்ததை மின்வாரிய அட்டை காட்டினால், அந்தச் சான்றுக்கு என்ன மதிப்பு?

இந்தக் கேள்விக்கு உயிர் வந்தது 1999-இல். அந்த ஆண்டு ஜூன் 16 முதல் நகர்ப்புற உச்சவரம்புச் சட்டத்தை ரத்து செய்த தமிழ்நாடு, கையேற்கப்பட்ட நிலம் அரசிடமே இருக்கும் என்றும், கையேற்கப்படாத நிலத்தின் மீதான நடவடிக்கைகள் அற்றுப்போகும் என்றும் சொன்னது. ஆக, ஒரு நிலம் யாருடையது என்பது அந்தத் தேதிக்குள் ஒரு வருவாய் ஆய்வாளர் களத்துக்குப் போனாரா இல்லையா என்பதில் வந்து நின்றது. சட்டத்துக்குக் கட்டுப்பட்டு நிலத்தை ஒப்படைத்தவர் இழந்தார். நோட்டீஸை வாங்காமல் தட்டிக்கழித்தவருக்கு நிலம் திரும்பியது.

உத்தரப் பிரதேச அரசுக்கும் ஹரி ராமுக்கும் இடையிலான வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றம், அரசிதழில் அறிவித்து நிலம் அரசுக்குச் சேர்ந்ததாகக் கொள்வது மட்டும் போதாது, உண்மையில் நிலம் கைக்கு வந்திருக்க வேண்டும் என்று தெளிவாகச் சொன்னது. மத்தியச் சட்டத்தைப் பற்றிய தீர்ப்பு என்றாலும், தமிழ்நாட்டுச் சட்டத்தின் வாசகமும் ஏறக்குறைய அதுவே என்பதால் நூற்றுக்கணக்கான மனுதாரர்கள் அதைப் பிடித்துக்கொண்டார்கள். அதற்கு அடுத்த ஆண்டு அசாம் அரசு – பாஸ்கர் ஜோதி சர்மா வழக்கில், நோட்டீஸ் முறையாகத் தரவில்லை என்ற குறையைப் பல வருடம் பேசாமல் இருந்துவிட்டுச் சட்டம் ரத்தான பிறகு எழுப்ப முடியாது என்று அதே உச்ச நீதிமன்றம் கூறியது. இரண்டு தீர்ப்புகளிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் இரண்டுமே அரசுக்கும் பழைய உரிமையாளருக்கும் இடையிலான சண்டையைத் தீர்க்க எழுதப்பட்டவை. நடுவில் வீடு கட்டியிருப்பவரின் கேள்வி அவற்றில் இல்லை. அரசு ஜெயித்தால் அவர் ஆக்கிரமிப்பாளர். பழைய உரிமையாளர் ஜெயித்தால், அவருடைய வாரிசுகள் “அப்பா போட்ட கையெழுத்து செல்லாது, அன்றைக்கு நிலம் அவர் பெயரிலேயே இல்லை” என்று புதுப் பேரம் பேச வாசலில் நிற்கும் அபாயம்.

அரசு இதைக் கவனிக்கவே இல்லை என்று சொல்ல முடியாது. தெரியாமல் வாங்கியவர்களுக்கு வரன்முறை செய்து தர 1998-இலும் 2008-இலும் அரசாணைகள் வந்தன. ஆனால் நிலத்தின் விலையை அரசுக்கு மறுபடி செலுத்து என்பதுதான் அவற்றின் சாரம். ஒரே மனைக்கு இரண்டு முறை விலை. விற்றவரிடம் ஒருமுறை, அரசிடம் ஒருமுறை. ஓய்வூதியத்தில் வாழும் ஒரு முன்னாள் பஸ் கண்டக்டரிடம் போய் அதைக் கேட்பது நியாயமில்லை.

கிராமத்தில் நடந்தது

இந்தக் குழப்பத்தைக் காட்டி, “நில உச்சவரம்பே தவறு, யார் எவ்வளவு வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளட்டும்” என்று வாதிடுபவர்கள் இருக்கிறார்கள். அதை நான் முற்றாக மறுக்கிறேன். இந்தச் சட்டங்கள் எந்த மண்ணிலிருந்து முளைத்தன என்பதை மறந்தால்தான் அப்படிப் பேச முடியும். கீழவெண்மணியில் 1968 டிசம்பர் 25 இரவு 44 பேர் குடிசையோடு எரிக்கப்பட்டார்கள். கூலியைக் கூட்டிக் கேட்டவர்களின் பெண்டு பிள்ளைகள் அவர்கள். உழைப்பவனுக்குச் சொந்தமாக ஒரு குழி நிலம் இல்லாத ஊரில், கூலியை மட்டுமல்ல, குடியிருப்பையும் மானத்தையும் உயிரையும்கூட நிலக்காரரே தீர்மானித்தார். காவிரிக் கடைமடையில் அதற்குச் சாட்சி சொல்ல இன்னும் ஆட்கள் இருக்கிறார்கள்.

உச்சவரம்பு வேண்டும் என்பது சுதந்திரம் வந்த கையோடு எழுந்த குரல். ஜே.சி. குமரப்பா தலைமையிலான காங்கிரஸ் விவசாயச் சீர்திருத்தக் குழு 1949-இலேயே அதைப் பரிந்துரைத்தது. 1959 ஜனவரியில் நாகபுரி காங்கிரஸ் மாநாடு தீர்மானம் போட்டது. காமராஜர் ஆட்சியில், 1961-ஆம் ஆண்டின் 58-ஆவது சட்டமாக, ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு 30 ஸ்டாண்டர்டு ஏக்கர் என்ற வரம்பு வந்தது. 1960 ஏப்ரல் 6 அன்று யாரிடம் எவ்வளவு இருந்தது என்பதுதான் கணக்கு. அதாவது, பேச்சு தொடங்கிப் பத்து வருடம் கழித்து. வரப்போகிறது என்று அத்தனை காலம் தெரிந்திருந்த சட்டத்துக்கு நிலவுடைமையாளர்கள் எப்படித் தயாராகியிருப்பார்கள் என்று சொல்ல வேண்டியதில்லை. பாகப்பிரிவினைப் பத்திரங்கள், செட்டில்மெண்டுகள், திடீர் அறக்கட்டளைகள், பண்ணையில் வேலை பார்ப்பவர் பெயரில் பினாமிக் கிரயங்கள் எல்லாம் வரிசையாகப் பதிவாயின.

ஸ்டாண்டர்டு ஏக்கர் என்பதே ஒரு தனிக் கணக்கு. ஏக்கருக்கு 10 முதல் 15 ரூபாய் வரை தீர்வை உள்ள நன்செய் என்றால் ஓர் ஏக்கர் ஒரு ஸ்டாண்டர்டு ஏக்கர். தீர்வை குறையக் குறைய, புன்செய்க்குப் போகப் போக, ஒரு ஸ்டாண்டர்டு ஏக்கருக்கு ஈடான பரப்பு கூடிக்கொண்டே போகும். வெள்ளைக்காரன் காலத்து செட்டில்மெண்ட்டில் வைத்த தரமும் தீர்வையும்தான் அதற்கு அளவுகோல். அதன்பின் கிணறு வெட்டி மோட்டார் வைத்து மூன்று போகம் எடுத்த புன்செய் எத்தனையோ. பழைய பதிவேட்டில் புன்செய் என்றிருந்தால் பெரும் பரப்பை வரம்புக்குள் அடக்கிவிடலாம். தேயிலை, காப்பி, ரப்பர் தோட்டங்களுக்கும் பொதுச் சமய அறக்கட்டளைகளுக்கும் விலக்கு வேறு.

குடும்பம் என்ற சொல்லுக்குச் சட்டம் தந்த விளக்கத்தையும் பார்க்க வேண்டும். கணவன், மனைவி, மேஜராகாத மகன்கள், திருமணமாகாத மகள்கள். மகனுக்கு வயது வந்துவிட்டால் அவன் தனி ஆள். தனக்கென்று வரம்பு வரை வைத்துக்கொள்ளலாம். மகளுக்கு முப்பது வயதானாலும் கல்யாணம் ஆகாதவரை அப்பாவின் கணக்கில் அவள் அடக்கம். இன்னொரு பக்கம், சீதனமாகப் பெண்கள் 10 ஸ்டாண்டர்டு ஏக்கர் வரை தனியே வைத்துக்கொள்ளச் சட்டம் இடம் தந்தது. அதனால் கிராமம் கிராமமாக மனைவி, மருமகள் பெயர்களுக்கு நிலம் எழுதப்பட்டது. அந்தப் பெண்களில் பலர் வரப்பை மிதித்ததில்லை, பத்திரத்தைப் பார்த்ததுமில்லை. இன்றைக்குப் பேரப்பிள்ளைகள் தலைமுறையில், “பாட்டி பெயரில் இருந்தது அவருடைய சொந்தச் சொத்து, எனக்கும் பங்கு உண்டு” என்று பேத்திகள் கேட்கிறார்கள். “அது சீலிங்குக்காகப் பெயருக்கு எழுதியது” என்று மாமன்மார் மறுக்கிறார்கள். சட்டத்தை ஏய்க்க எழுதிய பத்திரம், ஐம்பது வருடம் கழித்து எழுதியவரின் குடும்பத்தையே கோர்ட்டுக்கு இழுக்கிறது. இதில் பேத்திகள் பக்கம்தான் நியாயம் என்பேன்.

சட்டம் வந்த மூன்றாண்டுக்குள், 1964 மார்ச்சில், குடும்பம் என்பதற்கான செயற்கையான வரையறை, இழப்பீட்டில் காட்டிய வேறுபாடு ஆகிய காரணங்களுக்காக உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. அதே ஆண்டு ஜூனில் 17-ஆவது அரசியல் சட்டத் திருத்தத்தின் மூலம் நீதிமன்றத்தில் எதிர்க்க முடியாதபடி காக்கும் ஒன்பதாவது அட்டவணையில் சேர்த்துச் சட்டத்துக்கு மறுவாழ்வு தந்தார்கள். கலைஞர் ஆட்சியில் 1970 பிப்ரவரி 15 முதல் வரம்பு 15 ஸ்டாண்டர்டு ஏக்கராகக் குறைந்தது. ஒவ்வொரு திருப்பமும் நியாயத்துக்காக எடுத்த அடிதான். ஆனால் ஒவ்வொரு திருப்பத்திலும் புதிய தேதி, புதிய கணக்கு, புதிய நோட்டீஸ், புதிய மேல்முறையீடு. இத்தனைக்கும் பிறகு தமிழ்நாட்டில் உபரி என்று அறிவிக்கப்பட்டது ஏறத்தாழ 2 லட்சம் ஏக்கர். மாநிலத்தின் சாகுபடிப் பரப்பில் இது இரண்டு சதவீதத்தைத் தொடாது.

பட்டா இருக்கிறது, வயல் எங்கே?

அறிவிக்கப்பட்ட உபரி நிலத்தில் பெரும்பகுதி நிலமற்றவர்களுக்கு ஒப்படை செய்யப்பட்டது. அரசின் புள்ளிவிவரத்தில் கதை அதோடு முடிகிறது. ஒப்படை பெற்றவரின் வீட்டுத் தகரப் பெட்டியைத் திறந்தால்தான் மீதிக் கதை. மடித்து மடித்துக் கிழிந்த ஒப்படை ஆணை, நிலக்கிரயத் தவணை கட்டிய ரசீதுகள், நான்கைந்து மனுக்களின் நகல். ஆணையில் புல எண் இருக்கும், பரப்பு இருக்கும், நான்கு எல்லைகூட இருக்கும். உட்பிரிவு செய்து கல் நட்டிருக்க மாட்டார்கள். பத்து ஏக்கர் புலத்தில் இவருக்கு ஒரு ஏக்கர் என்றால் எந்த ஒரு ஏக்கர்? வடகோடியா, தென்கோடியா, கிணற்றடியா, மேட்டுப்பாங்கா? அளந்து விடாதவரை அந்த ஒரு ஏக்கர் தரையில் கிடையாது. பழைய நிலக்காரர் முன்போலவே முழுப் புலத்தையும் உழுதுகொண்டிருப்பார். அவரிடமே கூலி வேலைக்குப் போகும் ஒருவர், அவர் ஏர் ஓட்டும் வயலில் இறங்கி “இது என்னுடையது” என்று எப்படிச் சொல்வார்?

எந்த நிலத்தை வைத்துக்கொள்வது என்று குறிப்பிடும் வாய்ப்பைச் சட்டம் உடைமையாளருக்கே கொடுத்திருந்தது. ஆற்றுப் பாய்ச்சலையும் தோப்பையும் வைத்துக்கொண்டு, கரட்டையும் களர்நிலத்தையும் கொடுப்பதற்குத் தடையில்லை. அப்படிப்பட்ட நிலத்தை வாங்கிய குடும்பம் அதில் என்ன விளைவிக்கும்? கிணறு வெட்டக் கடன் கிடையாது. ஒப்படை நிலத்தை ஈடு வைக்க நிபந்தனைகள். வறட்சி வருடத்தில் யாரோ ஒருவரிடம் வெள்ளைத் தாளில் எழுதிக்கொடுத்துவிட்டு முன்பணம் வாங்குவார்கள். பிறகு நிபந்தனையை மீறினார் என்று ஒப்படை ரத்தாகும். வாங்கியவர் மீது நடவடிக்கை பாய்வது அபூர்வம்.

வேறு சில ஊர்களில், உடைமையாளர் தீர்ப்பாயத்திலோ உயர் நீதிமன்றத்திலோ தடை வாங்கிய செய்தி தெரியாமலேயே ஒப்படை செய்திருக்கிறார்கள். வழக்கு இருபது வருடம் ஓடி, உபரி அறிவிக்கை ரத்தாகும்போது, அத்தனை வருடம் பாடுபட்டு நிலத்தைத் திருத்தியவருக்கு ஒரு நோட்டீஸ்கூட வருவதில்லை. அவர் அந்த வழக்கில் கட்சிக்காரர் இல்லை.

இவற்றைச் சொல்லும்போது உழுபவனின் நிலவுரிமை இயக்கம் என்ற லாஃப்டியை நினைக்காமல் இருக்க முடியவில்லை. கிருஷ்ணம்மாளும் ஜெகந்நாதனும் 1981-இல் தொடங்கிய அந்த இயக்கம், நிலக்காரர்களிடம் பேசி விலைக்கு வாங்கி, தலித் குடும்பங்களுக்கு, அதுவும் பெண்கள் பெயரில், பதிவு செய்து கொடுத்தது. அரசின் அதிகாரம் எதுவும் அவர்களிடம் இல்லை. ஆனால் பத்திரம் யார் கையிலோ வயலும் அவர் கையில் என்பதை அவர்கள் விடவில்லை. முழு அரசு இயந்திரமும் கையில் இருந்தவர்களால் ஏன் அது முடியவில்லை என்ற கேள்வி எனக்குத் தீரவே இல்லை.

கூடலூர் தரும் எச்சரிக்கை

இந்த விவகாரத்துக்குப் பக்கத்து உறவான ஒன்று நீலகிரியில் இருக்கிறது. கூடலூர், பந்தலூர் பகுதியில் நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பத்தின் ஜன்ம (பரம்பரை உரிமை) நிலங்கள் ஏறத்தாழ 80 ஆயிரம் ஏக்கர். அவற்றை அரசின் கைக்குக் கொண்டுவர 1969-இல் தனிச் சட்டம் வந்தது. அதன் ஒரு பகுதியை 1972-இல் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. 1974-இல் 34-ஆவது திருத்தத்தின் மூலம் அதுவும் ஒன்பதாவது அட்டவணைக்குள் போனது. அதை எதிர்த்த வழக்குதான், 2007 ஜனவரி 11 அன்று ஒன்பது நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்த ஐ.ஆர். கோயலோ வழக்கு. 1973 ஏப்ரல் 24-க்குப் பின் ஒன்பதாவது அட்டவணையில் சேர்க்கப்பட்ட எந்தச் சட்டத்தையும் அரசியல் சட்டத்தின் அடிப்படைக் கட்டமைப்பு என்ற உரைகல்லில் நீதிமன்றம் உரசிப் பார்க்கலாம் என்று நாட்டுக்கே பொருந்தும் விதியை அந்த வழக்கு தந்தது. கூடலூரில் ‘செக்‌ஷன் 17 நிலம்’ என்று 1969 சட்டத்தின் பிரிவு எண்ணாலேயே அழைக்கப்படும் இடத்தில் குடியிருப்பவருக்கோ பட்டா வரவில்லை. பட்டா இல்லாததால் மின் இணைப்புக்கே பல குடும்பங்கள் ஆண்டுக்கணக்கில் போராட வேண்டியிருந்தது. இலங்கையிலிருந்து தாயகம் திரும்பிய தோட்டத் தொழிலாளர் குடும்பங்களும், கேரளத்திலிருந்து வந்து குடியேறிய சிறு விவசாயிகளும் அவர்களில் உண்டு. பெரிய எஸ்டேட்டுகளின் குத்தகைப் பிரச்சினையும் கால் ஏக்கரில் வீடு கட்டியவரின் பிரச்சினையும் ஒரே கோப்பில் கிடப்பதுதான் அங்கே கோளாறு. எஸ்டேட்டின் வழக்கு முடியும்வரை குடிசைக்காரர் காத்திருக்க வேண்டியிருக்கிறது.

சென்னையிலும் அதே தவறு நடக்கிறது. தொழிற்சாலை நடத்த என்று விலக்கு வாங்கி, ஆலையை மூடிவிட்டு, அதே நிலத்தை அடுக்குமாடிக்கு விற்கப் பார்க்கும் நிறுவனத்தின் கோப்பும், ஒரு கிரவுண்டில் ஓட்டு வீடு கட்டியவரின் கோப்பும் ஒரே சட்டப் பிரிவின் கீழ் வருவதால் ஒரே தட்டில் வைக்கப்படுகின்றன. இரண்டையும் பிரிப்பதுதான் முதல் வேலை. ரத்துச் சட்டத்தின் தேதிக்கு முன் பதிந்த கிரயம், குடியிருப்பு வீடு, ஒரு குடும்பத்துக்கு ஒரு மனை, அன்றிலிருந்து தொடரும் வீட்டுவரி, மின்கட்டண ரசீதுகள். இந்த நான்கும் இருந்தால் நிலத்தின் விலை கேட்காமல், பெயரளவுக் கட்டணத்தோடு பட்டா கொடுக்க வேண்டும். பதிவுக் கட்டணம் வாங்கிய அன்றைக்கே அரசு தன் பங்கைப் பெற்றுவிட்டது. இதில் புரட்டுக்காரர்கள் நுழைவார்கள் என்ற அச்சம் நியாயமானது. வணிகக் கட்டடங்களையும் பல மனைகள் வைத்திருப்பவர்களையும் கம்பெனிகளையும் இதற்கு வெளியே நிறுத்தினால் அந்த அச்சத்தின் பெரும்பகுதி நீங்கும். அவர்களோடு அரசு கோர்ட்டில் கடைசிவரை போராடட்டும். அந்தப் போராட்டத்தை நான் ஆதரிப்பேன்.

அடுத்தது, உபரி நிலத்தின் முழுப் பட்டியலையும் கிராம வாரியாக, புல எண் வாரியாக, வெளியிடுவது. எது அறிவிக்கப்பட்டது, எது கையேற்கப்பட்டது, எது யாருக்கு ஒப்படை ஆனது, எதில் வழக்கு இருக்கிறது என்ற நான்கு விவரங்கள் போதும். இது ரகசியமல்ல, உபரி அறிவிக்கைகள் எல்லாமே ஒரு காலத்தில் அரசிதழில் வந்தவைதான். பத்திரம் பதிந்தால் பட்டா மாறுதலுக்கு விவரம் தானாகப் போகும் அளவுக்கு இன்று பதிவுத் துறையின் மென்பொருளும் வருவாய்த் துறையின் ‘தமிழ்நிலம்’ மென்பொருளும் பேசிக்கொள்கின்றன. அந்தப் பட்டியலை அவற்றில் ஏற்றிவிட்டால், வில்லங்கம் போட்டுப் பார்ப்பவருக்கு முதல் நாளே தெரிந்துவிடும். புதிதாக ஒரு குடும்பம் ஏமாறாது. மிகை நிலம் என்பது பட்டா கேட்டுப் போன அன்று மட்டும் வெளியே வரும் தகவலாக இருப்பது, இடைத்தரகர்களுக்குத்தான் லாபம்.

கிராமத்தில் தேவைப்படுவது நில அளவர்கள். ஒப்படை ஆணை வைத்திருக்கும் ஒவ்வொருவருக்கும், அல்லது அவருடைய வாரிசுகளுக்கு, உட்பிரிவு செய்து, கல் நட்டு, வரைபடத்தில் ஏற்றி, காவல்துறை பாதுகாப்போடு வயலில் இறக்கிவிட வேண்டும். வாரிசுப் பட்டாவில் மகள்களின் பெயரும் ஏற வேண்டும். உபரி அறிவிக்கையை எதிர்த்து வழக்கு நடந்தால், ஒப்படை பெற்றவரைக் கட்சிக்காரராகச் சேர்த்து, இலவசச் சட்ட உதவி மையத்திலிருந்து வக்கீல் தர வேண்டும்.

இதற்குப் புதிய ஆணையமோ குழுவோ தேவையில்லை. ஒவ்வொரு வட்டத்திலும் ஆண்டுதோறும் ஜமாபந்தி நடக்கிறது. கிராமக் கணக்குகளை எடுத்துவைத்து, அதிகாரியின் முன்னிலையில் சரிபார்ப்பதற்கென்றே ஏற்பட்ட நாட்கள் அவை. அடுத்த ஜமாபந்தியில் ‘அ’ பதிவேட்டோடு உபரி நிலப் பதிவேட்டையும் மேசைக்குக் கொண்டுவரச் சொல்லி, நில நிர்வாக ஆணையர் ஒரு சுற்றறிக்கை அனுப்பினால் போதும். ஒவ்வொரு புல எண்ணாக வாசிக்கட்டும். அந்த நிலத்தில் இன்று யார் இருக்கிறார் என்பதைக் கிராம நிர்வாக அலுவலர் சொல்லட்டும். ஊரார் கேட்கட்டும், ஆட்சேபிக்கட்டும். பதிவேட்டுக்கும் தரைக்கும் பொருந்தாத எண்களைத் தனியே எழுதி, அடுத்த ஜமாபந்திக்குள் தீர்க்க வேண்டிய பட்டியலாக வட்டாட்சியர் கையெழுத்திட்டு அலுவலகச் சுவரில் ஒட்டட்டும்.